பெட்டிக்குள் மூன்று கால்

தெருவில் அவருக்கு முணுமுணு என்று பேர். பெற்றவர்கள் வைத்த பேரும் ஒன்று இருந்தது. அதைச் சொல்லிக் கூப்பிட்டால் அவரே திரும்பிப் பார்க்க மாட்டார். பின்னால் யாரோ வருகிறார்கள் போலிருக்கிறது என்று ஒதுங்கி வழிவிடுவார்.

பதினெட்டு வருஷம் நாடகக் கொட்டகையில் வேலை பார்த்தவர். நடிகர் என்று நினைத்துவிடாதீர்கள். மேடைக்குப் பக்கவாட்டில், திரைக்குப் பின்னால் ஒரு முக்காலி போட்டிருக்கும். அதில் உட்கார்ந்து மடியில் நோட்டை விரித்துக்கொள்ள வேண்டும். நடிகருக்கு வசனம் மறந்து முழி பிதுங்கும்போது அடுத்த வார்த்தையை எடுத்துக் கொடுக்க வேண்டும். நடிகருக்குக் கேட்கணும், முதல் வரிசைக்குக் கேட்கக் கூடாது. ஈ காதில் ரகசியம் சொன்னால் எறும்புக்குத் தெரியாமல் இருக்க வேண்டும், அந்தக் கணக்கு. இந்த வித்தையில் அவரை மிஞ்ச ஆளே கிடையாது. ஒருமுறை கதாநாயகனின் அப்பாவாக நடித்தவர் மேடையிலேயே தூங்கிப்போனார். முணுமுணு எடுத்துக் கொடுக்க, அவர் தூக்கத்திலேயே நாலு பக்கம் பேசிக் கைதட்டலும் வாங்கினார்.

ஆனால் நாடக நோட்டீஸில் அவர் பேர் வந்ததே இல்லை. திரை இழுக்கிறவன் பேர் வரும். விளக்குக்கு எண்ணெய் ஊற்றுகிறவன் பேர் வரும். இடைவேளையில் சோடா விற்கிறவன் பேர் கொட்டை எழுத்தில் வரும். ஒருநாள் முதலாளியிடமே கேட்டார்.

"உன் பேரைப் போட்டா என்ன அர்த்தம்யா? என் நடிகனுங்களுக்கு வசனம் தெரியாதுன்னு நானே தண்டோரா போட்ட மாதிரி ஆகாது?" என்றார் முதலாளி.

நியாயம்தான். நியாயமாக இருந்ததுதான் எரிச்சலே.

வேலை உடம்போடு ஒட்டிக்கொண்டது. யாராவது பேசுகிறவர் ஒரு விநாடி நிறுத்தினால் போதும், இவர் அடுத்த வார்த்தையைப் போட்டுவிடுவார். டாக்டர் நாடி பிடித்துப் பார்த்துவிட்டு, "உங்களுக்கு..." என்று இழுத்தார். "ஆயுசு கெட்டி" என்று எடுத்துக் கொடுத்துவிட்டு, சட்டையை மாட்டிக்கொண்டு வீட்டுக்கு வந்துவிட்டார். என்ன வியாதி என்று இன்றுவரை தெரியாது. கல்யாணத்தைப் பதிவு பண்ணப் போன இடத்தில் பதிவாளர் இருமினார். அந்த இருமலுக்குள் பதிவாளருடைய பங்கையும் சேர்த்து இவரே சொல்லி முடித்துவிட்டார். பதிவாளருக்குக் கையெழுத்துப் போடுகிற வேலைதான் மிச்சம்.

சம்சாரம் அதே கொட்டகையில் வேஷத் துணிகளுக்கு இஸ்திரி போட்டவள். காதலித்துத்தான் கட்டிக்கொண்டார்கள். அந்தக் காதலுக்குள் இப்போது போனால் பொழுது விடிந்துவிடும். விஷயம் ஒரு படத்தைப் பற்றியது, அதற்கு வருவோம்.

கொட்டகையில் 'பெட்டிக்குள் மாப்பிள்ளை' என்று ஒரு நாடகம் போட்டார்கள். கடிகாரக் கடைக்காரருக்கு ஒரே மகள். கடிகாரம் ரிப்பேர் பண்ண வருகிறவன்மேல் அவளுக்கு ஆசை. அப்பா வரும் சத்தம் கேட்டால் அவன் ஒளிய வேண்டும். மேஜைக்கு அடியில் ஒளிவான், சோபாவுக்குப் பின்னால் ஒளிவான், கடைசியில் டிரங்குப் பெட்டிக்குள் போய் விழுவான். அவ்வளவுதான் கதை. நானூறு தடவை போட்டார்கள். சிரித்துச் சிரித்து நாற்காலிகளின் ஆணி கழன்று, கொட்டகைக்கென்று தனியாக ஒரு தச்சரையே வைக்க வேண்டியதாயிற்று.

இதைப் படமாக எடுக்க ஒரு கம்பெனி வந்தது. அப்போது படத்தில் பேச்சு கிடையாது. ஊமைப் படம். நடிகர்கள் எல்லோரும் ஸ்டூடியோவுக்குப் போனார்கள். பேச்சே இல்லாத இடத்தில் எடுத்துக் கொடுக்கிறவனுக்கு என்ன வேலை? முணுமுணு வீட்டில் உட்கார்ந்து விரல் நகத்தைக் கடித்துக்கொண்டிருந்தார்.

முதல் நாளே படப்பிடிப்பு படுத்துவிட்டது. காமிரா சுற்றுகிறது, கதாநாயகி அசையவே இல்லை.

"என்னம்மா இது, காயப்போட்ட துணி மாதிரி நிக்கிறீங்க?" என்று டைரக்டர் கத்தினார்.

"யாராச்சும் எடுத்துக் குடுத்தாத்தானே சார் நான் கையைத் தூக்குவேன்?" என்றாள் கதாநாயகி.

"படத்துல பேச்சே இல்லம்மா!"

"இல்லாட்டிப் போகுது. எனக்குக் காதுல விழணும். நானூறு நாளா அவரு சத்தத்துக்குத்தான் சிரிச்சேன், அவரு சத்தத்துக்குத்தான் அழுதேன். எப்ப மூச்சு விடணும்னே எனக்கு மறந்துபோச்சு."

வண்டி அனுப்பி முணுமுணுவைக் கூட்டி வந்தார்கள். பேச்சே இல்லாத படத்தில் பேசுவதற்கென்று ஒரே ஒரு ஆள், அது அவர்தான். இந்தப் பெருமையில் நெஞ்சு புடைத்து சட்டைப் பொத்தான் தெறித்தது என்பார். தெறித்த பொத்தானைத் தேடக்கூட டைரக்டர் விடவில்லை.

"உங்க நிழல்கூடப் படத்துல விழக் கூடாது. புரியுதா?"

புரிந்தது. காமிரா எங்கெல்லாம் பார்க்காதோ அங்கெல்லாம் ஒளிந்தார். கஷ்டம் என்னவென்றால், கதாநாயகனும் அதே இடங்களில்தான் ஒளிய வேண்டும். மேஜைக்கு அடியில் இரண்டு பேர். சோபாவுக்குப் பின்னால் இரண்டு பேர். பெட்டிக்குள்ளும் இரண்டு பேர். கதாநாயகன் இரண்டு மூட்டை சிமெண்ட் கனம் இருப்பான். பத்தொன்பது நாள் படப்பிடிப்பில் முணுமுணு நாலு அங்குலம் தட்டையானார்.

படம் வந்தது, ஓடியது. முதல் நாளே போனார். இருட்டில் உட்கார்ந்ததும் பழக்க தோஷம், கண் தானாகக் குனிந்து மடியைப் பார்த்தது. வாய் தானாக வசனம் சொல்லத் தொடங்கியது. பத்து நிமிஷத்தில் பக்கத்துச் சீட்டு, முன் சீட்டு, பின் சீட்டு எல்லாம் சேர்ந்து அவரைத் தூக்கி வெளியே வைத்தன. இன்னும் இரண்டு முறை முயற்சி பண்ணினார், இரண்டு முறையும் வாசலுக்குத்தான் வந்து சேர்ந்தார். ஆக, அவர் அந்தப் படத்தைப் பார்க்கவே இல்லை.

மச்சினன் பார்த்தான், பஸ்ஸுக்கு நேரமாகி இரண்டு தடவையும் முடிவுக்கு முன்னாலேயே எழுந்து வந்தான். பஸ் கண்டக்டர், வாய்க்குப் பூட்டு கிடையாது.

"ஏன் மாமா, ரெண்டு ஆட்டம் பாத்தேன். பெட்டிக்குள்ள மாப்பிள்ளை இருந்தாரு, உங்களைக் காணோமே?"

"நான் அவனுக்குக் கீழ இருந்தேன்டா."

"அப்ப மெத்தைன்னு சொல்லுங்க."

அதன்பிறகு பேசும் படம் வந்தது. கொட்டகை மூடியது. ஊமைப் படங்களை வைத்துக்கொள்ள இடமில்லை என்று கம்பெனிக்காரன் எடைக்குப் போட்டான். வாங்கினவன் சுருளிலிருந்து வெள்ளியை எடுத்துக்கொண்டு மிச்சத்தை உருக்கிச் சீப்பு பண்ணினான். கதாநாயகி நாணிச் சிரித்த சிரிப்பு எந்த வழுக்கைத் தலையனின் சட்டைப் பையில் கிடக்கிறதோ, யார் கண்டது! ஒரு பிரதிகூட மிஞ்சவில்லை. முணுமுணு சம்சாரத்தின் இஸ்திரிக் கடையில் சேர்ந்து, துணிக்குத் தண்ணீர் தெளித்தே முப்பத்திரண்டு வருஷம் ஓட்டினார்.

இப்படி இருக்கும்போது பேப்பரில் ஒரு செய்தி. தொலைந்துபோன படங்களைப் பற்றித் தகவல் சேர்க்கிறது ஓர் ஆபீஸ். 'பெட்டிக்குள் மாப்பிள்ளை'யில் வேலை பார்த்தவர்கள் யாராவது உயிரோடு இருந்தால் வரலாம். எல்லோருடைய பேரையும் அச்சடித்துக் கூடத்துச் சுவரில் மாட்டப் போகிறார்கள்.

அச்சடித்த பேர்! சுவரில்! தெளித்துக்கொண்டிருந்த சொம்பு கைநழுவி வாடிக்கையாளரின் பட்டுச் சட்டையில் குளம் கட்டியது. சம்சாரம் திட்டியது எதுவும் காதில் ஏறவில்லை.

ஆபீஸில் கண்ணாடி போட்ட அம்மா ஒருவர், கொண்டையில் இரண்டு பென்சிலைச் செருகிக்கொண்டு உட்கார்ந்திருந்தார். அந்தப் படத்து ஆள் என்றதும் எழுந்து நின்றே வணக்கம் சொன்னார். முணுமுணுவுக்கு வாழ்க்கையில் முதல் முறையாக ஒருவர் எழுந்து நிற்கிறார். அந்த உற்சாகத்தில் நாடகம் முழுவதையும் முதல் வரியிலிருந்து ஒப்பிக்கத் தொடங்கிவிட்டார். அப்பா குரல், மகள் குரல், கடிகாரம் அடிக்கிற சத்தம் உட்பட. மூன்று மணி நேரம். அந்த அம்மா இரண்டு பக்கம் எழுதிவிட்டுப் பென்சிலைக் கீழே வைத்தார்.

"ஐயா, வசனம் நல்லாத்தான் இருக்கு. ஆனா படத்துல வசனமே இல்லையே. படத்துல என்ன தெரிஞ்சுது? அதைச் சொல்லுங்க."

"நான் பாக்கலியேம்மா."

"எடுக்கும்போது?"

"எடுக்கும்போது என் கண்ணு நோட்டுல இருக்கும்."

"கடைசிக் காட்சி எப்படி முடிஞ்சுது? அது ஒண்ணு யாருக்குமே தெரியல."

"கடைசிக் காட்சியில நான் பெட்டிக்குள்ள. மேல மூடி. வயித்து மேல கதாநாயகன். தடார்னு ஒரு சத்தம் வந்துச்சு. எல்லாரும் சிரிச்சாங்க. டைரக்டர் போதும்னாரு."

"எது தடார்னு விழுந்துச்சு?"

"அன்னையிலேர்ந்து நானும் அதைத்தான்மா யோசிச்சிக்கிட்டு இருக்கேன்."

மூலையில் டைப் அடித்துக்கொண்டிருந்தவர் இருமுவதுபோலச் சிரித்தார். அந்த அம்மா பெருமூச்சு விட்டு ஒரு கவரைத் திறந்தார். படப்பிடிப்பின்போது எடுத்த இருபத்தாறு போட்டோ. படத்தில் மிஞ்சியது அவ்வளவுதான்.

"இதுல நீங்க எங்க இருக்கீங்க?"

"அந்த சோபாவுக்குப் பின்னாடி."

"தெரியலையே. இதுல?"

"மேஜைக்கு அடியில. துணி தொங்குது பாருங்க, அதுக்கு உள்ளாற."

"இதுல?"

"அலமாரிக்குள்ள."

"இதுல அலமாரியும் இல்ல, சோபாவும் இல்ல. வெறும் சுவர்தானே?"

"சுவருக்கு அந்தப் பக்கம். ஓட்டை போட்டுக் குடுத்தாங்க."

இருபத்தாறு போட்டோவிலும் இருந்தார். ஒன்றிலும் இல்லை. கடவுளுக்குப் பிறகு அந்த மாதிரி இருந்தவர் அவர் ஒருத்தர்தான்.

"கதாநாயகி தலையைப் பாருங்கம்மா. ஒவ்வொண்ணுலயும் ஒரு பக்கமா சாய்ச்சிருக்கா. அந்த அழகுக்கு ஊரே மயங்கிச்சு. பொம்பளைப் பிள்ளைங்க எல்லாம் அதே மாதிரி கழுத்தைச் சாய்ச்சு நடந்து சுளுக்கு வைத்தியன் மாடி வீடு கட்டினான். அது என்ன நளினம்னு நினைச்சீங்களா? நான் சொல்றது காதுல விழலன்னு சாய்ச்சது!"

அந்த அம்மாவுக்கும் சிரிப்பு வந்துவிட்டது. ஆனாலும் தலையை ஆட்டினார். "கதாநாயகின்னா தலையைச் சாய்க்கத்தான் செய்வாங்க ஐயா. எங்க விதிப்படி ஒண்ணு போட்டோவுல தெரியணும், இல்ல காகிதத்துல பேர் இருக்கணும். தெரியாததை நான் எப்படிப் பட்டியல்ல ஏத்துறது?"

"தெரியாம இருக்கறதுதாம்மா என் வேலையே! தெரிஞ்சிருந்தா அன்னைக்கே என்னை அடிச்சு விரட்டியிருப்பாங்க!"

"எனக்குப் புரியுதுங்க. விதிக்குப் புரியாது."

வீட்டுக்கு வந்து பரணைக் கவிழ்த்தார். நாடக நோட்டீஸ் பதினாறு கிடைத்தது. சோடாக்காரன் பேர் பதினாறிலும் இருந்தது. அடியில் அவருடைய பழைய நோட்டே கிடைத்துவிட்டது! மறுநாள் அதைக் குழந்தையைத் தூக்கிப்போவதுபோல இரண்டு கையிலும் ஏந்திக்கொண்டு போனார். அந்த அம்மா பக்கம் பக்கமாகப் புரட்டினார். ஒவ்வொரு வரிக்கு முன்னாலும் அதைப் பேசுகிறவர் பேர் இருந்தது. அப்பா, மகள், மாப்பிள்ளை, வேலைக்காரி, தபால்காரர். நூற்றுப் பன்னிரண்டு பக்கத்திலும் எழுதினவர் பேர் மட்டும் இல்லை.

"முதல் பக்கத்துலயாவது உங்க பேரை எழுதியிருக்கக் கூடாதா?"

"என் நோட்டுன்னு எனக்குத் தெரியுமேம்மா. எனக்கே நான் எதுக்கு எழுதிக்கணும்?"

"தவிர, இது நாடகத்தோட நோட்டு. படத்துல இருந்தீங்கன்னு இது சொல்லாது."

அன்று முதல் அவருக்குச் சோறு இறங்கவில்லை. தண்ணீர் தெளிக்கச் சொன்னால் நெருப்புமேல் தெளித்தார். மச்சினன் வந்து, "மாமா, பேசாம சோடாக்காரன் பேரை வச்சிக்கங்க, அதுக்கு அத்தாட்சி நிறைய இருக்கு" என்றான். வழக்கமாகப் பதிலுக்கு நாலு கொடுக்கிறவர், சும்மா முகத்தைத் திருப்பிக்கொண்டார். அதைப் பார்த்துத்தான் சம்சாரம் பயந்துபோனாள்.

"கிளம்புங்க. நானும் வரேன்" என்றாள்.

"நீ வந்து என்ன பண்ணுவ? நீ அந்த ஸ்டூடியோப் பக்கமே வந்ததில்ல."

"கறை எங்க இருக்குன்னு துணிக்காரிக்குத்தான் தெரியும். வாங்க பேசாம."

அவள் போட்டோக்களை வாங்கி, சட்டையில் சுருக்கம் பார்க்கிற மாதிரி வெளிச்சத்தில் பிடித்துப் பிடித்துப் பார்த்தாள். பதினெட்டாவது போட்டோவில் நின்றாள். கதாநாயகன் பெட்டிக்குள் தலைகீழாகப் பாய்கிற காட்சி. அவனுடைய இரண்டு கால்களும் பளபளப்பான ஷூவோடு மேலே நீட்டிக்கொண்டிருந்தன. நடுவில் இன்னொரு கால், வெறுங்கால்.

"இது யாரு கால்?"

"அதுவா?" என்றார் அந்த அம்மா. "அது பெரிய விஷயம்மா. அந்த மூணாவது காலைப் பத்திப் படிச்சவங்க புஸ்தகமே எழுதியிருக்காங்க. காதல்ல விழுந்தவனுக்கு நிதானம் தப்பிப்போச்சு, கால் எண்ணிக்கைகூடத் தெரியலன்னு காட்டுறதுக்காக டைரக்டர் வச்ச அபூர்வமான தமாஷ்னு சொல்றாங்க."

"தமாஷும் இல்ல, தலைவலியும் இல்ல. இது எங்க வீட்டுக்காரர் கால்."

முணுமுணு போட்டோவைப் பிடுங்கிப் பார்த்தார். ஆமாம்! கதாநாயகன் அவர் வயிற்றில் வந்து விழுந்த வேகத்தில், அடியில் கிடந்த அவர் கால் துள்ளி எழுந்திருக்கிறது. மேடைப் பலகை கிறீச்சிடக் கூடாது என்று நாடகத்தில் எப்போதும் வெறுங்காலோடுதான் இருப்பார். ஊமைப் படத்தில் யானை லாடம் அடித்துக்கொண்டு நடந்தாலும் யாருக்கும் கேட்காது. அந்த யோசனை வராமல் அங்கேயும் செருப்பைக் கழற்றி வைத்திருக்கிறார்.

"உங்க கால்னு எப்படிம்மா சொல்றீங்க?"

"கட்டை விரல் நகம் ரெண்டாப் பிளந்திருக்கு பாருங்க. கொட்டகையில நான்தான் இஸ்திரிப் பெட்டியைப் போட்டேன். வேணும்னு போடல. இவரு என்னைப் பாத்துக்கிட்டே நடந்து வந்தாரு, நான் இவரைப் பாத்துக்கிட்டே பெட்டியை வச்சேன். கழட்டிக் காட்டுங்க."

ஆபீஸ் மேஜைமேல் முணுமுணுவின் கால் ஏறியது. அந்த அம்மா பூதக்கண்ணாடியால் போட்டோவை ஒரு தடவை, காலை ஒரு தடவை பார்த்தார். டைப் அடிக்கிறவர் வேலையை விட்டுவிட்டு எழுந்து வந்து பார்த்தார். அடுத்த அறையிலிருந்து மூன்று பேர் வந்தார்கள். ஒரு பெரிய அதிகாரி குனிந்து, "தொட்டுப் பாக்கலாமா?" என்று மரியாதையாகக் கேட்டார். அப்பேர்ப்பட்ட புருஷனைக் கட்டினவள் என்கிற தோரணையில் சம்சாரம் நிமிர்ந்து உட்கார்ந்தாள்.

"சந்தேகமே இல்ல. உங்க பேர் பட்டியல்ல வருது ஐயா!" என்றார் அந்த அம்மா.

 அன்றைக்கு ராத்திரி முணுமுணு மூன்று பேர் சாப்பாட்டைச் சாப்பிட்டார். மச்சினன் வீட்டுக்கு நடந்தே போய், கதவைத் தட்டி, விஷயத்தைச் சொல்லிவிட்டு, பதில் கேட்காமலே திரும்பினார்.

ஒரு வாரம் கழித்துக் கையெழுத்துப் போடக் கூப்பிட்டார்கள். டைப் அடித்த தாள். மேலே படத்தின் பேர். கீழே வரிசையாக ஆட்கள். டைரக்டர், காமிராக்காரர், கதாநாயகன், கதாநாயகி, அப்பா வேஷக்காரர். ஒவ்வொன்றாக விரல் வைத்துக்கொண்டே இறங்கினார். கடைசி வரியில் அவருடைய பேர் இருந்தது. பெற்றவர்கள் வைத்த முழுப்பேர். அதற்கு எதிரே, 'மூன்றாவது கால் (வலது)'.

"என்னம்மா இது?"

"உங்க பேர்தான் ஐயா. தப்பில்லாம இருக்கா?"

"பேர் சரி. கால்னு போட்டிருக்கே! நான் எடுத்துக் குடுத்தவன்மா. அந்தப் படத்துல ஒருத்தன் கையைத் தூக்கினான்னா அது நான் தூக்கச் சொன்னது. அவ அழுதான்னா நான் அழச் சொன்னது. என்னைப் போய்..."

"போட்டோவுல கால்தானே ஐயா இருக்கு."

"கால் மட்டும் தனியா வந்துச்சா? மீதி நான் எங்க போனேன்? வீட்டுல இருந்தேனா?"

"மீதி தெரியலையே. நானும் மேல எழுதிக் கேட்டுப் பாத்தேன். வசனமில்லாத படத்துக்கு வசனம் எடுத்துக் குடுத்தவர்னு போட்டா, படிக்கிறவங்க எங்களைப் பைத்தியம்னு நினைப்பாங்களாம். பெரிய அதிகாரி அந்த வரியை அடிச்சு அனுப்பிட்டாரு."

முணுமுணு சம்சாரத்தைப் பார்த்தார். அவள் முந்தானையால் வாயை மூடிக்கொண்டு குலுங்கிக்கொண்டிருந்தாள்.

"சிரிக்காதே! உன்னாலதான்! அந்தக் கண்ணை வச்சுக்கிட்டு ஒரு காதைக் கண்டுபிடிச்சிருக்கக் கூடாது? வாயைக் கண்டுபிடிச்சிருக்கக் கூடாது?"

"இருந்தது கால்தானே? நான் என்ன, தைச்சா ஒட்ட முடியும்?"

"வேணாம்னா சொல்லுங்க ஐயா, எடுத்துடலாம்" என்றார் அந்த அம்மா, நிஜமாகவே வருத்தத்தோடு. "ஆனா நாளைக்கு அச்சுக்குப் போகுது. எடுத்தா அப்புறம் சேர்க்க முடியாது."

முணுமுணு தாளைக் கையில் வைத்துக்கொண்டு ஜன்னலோரம் போனார். சுவரில் மாட்டினால் ஊர் வந்து பார்க்கும். கால் என்று படிக்கும். மச்சினன் இரண்டு பஸ் நிறைய ஆளேற்றிக் கூட்டி வருவான், டிக்கெட்கூடக் கேட்க மாட்டான். வேண்டாம் என்றால் சோடாக்காரன் பாடே தேவலை. பத்து நிமிஷம் நின்றார். ஜன்னல் கம்பியை எண்ணினார். டைப் அடிக்கிறவர் மேஜையைப் பூட்டிச் சாவியை எடுத்துக்கொண்டு எழுந்துவிட்டார்.

"ஒரு நிமிஷம் சார். பூட்டைத் திறங்க" என்றார் முணுமுணு.

"ஏன், எடுத்துடணுமா?" என்றார் டைப் அடிக்கிறவர்.

"இருக்கட்டும். வலதுன்னு போட்டிருக்கீங்க. அது இடது கால்."

"ஒரே ஒரு வார்த்தைதானே, பேனாவால திருத்திடலாமே..."

"பேனா வேணாம். டைப்புல வரணும்."

டைப் அடிக்கிறவர் அந்த அம்மாவைப் பார்த்தார். அவர் கொண்டையிலிருந்து பென்சிலை உருவி, அதால் மேஜையைக் காட்டினார். பூட்டு திறந்தது. புதுத் தாள் ஏறியது. முதல் வரியிலிருந்து மறுபடி அடிக்க வேண்டும். முணுமுணு பக்கத்தில் ஒரு நாற்காலியை இழுத்துப் போட்டு, கடுகடுவென்று முகத்தை வைத்துக்கொண்டு, கடைசி வரி வருகிற வரைக்கும் காலைத் தொங்கப்போட்டு உட்கார்ந்திருந்தார்.